பழைய வீட்டுக்கு ஏற்ற விளக்கொளி

(மாதுங்காவில் நடைபெற்ற சங்க ஆண்டு விழாவில் ஆற்றிய சொற்பொழிவு)



இலக்கியமும் இசையும் நாட்டியமும் நிறைந்த இம்மேடையில் வீட்டு விளக்கைப் பற்றிப் பேசுவது சிலருக்குப் புதுமையாகத் தோன்றலாம். ஆயினும் விளக்கு நம் வாழ்விலிருந்து வேறான பொருளன்று. புதுமணப் பெண்ணை வீட்டுக்கு விளக்கேற்ற வந்தவள் என்கிறோம். மாலைப் பொழுதை விளக்கு வைக்கும் நேரம் என்கிறோம். விளக்கை அணை என்று சொல்லக் கூசி, குளிரவை என்று சொன்னவர் நம் பாட்டிமார். அத்தகைய விளக்கை நம் பழைய வீடுகளில் எப்படித் தேர்ந்து, எங்கே அமைப்பது என்பதே இன்று நான் எடுத்துக்கொண்ட பொருள்.

முதலில் நம் வீடுகளின் வரலாற்றைச் சிறிது நினைவு கூர்வோம். 1896-ஆம் ஆண்டில் பம்பாயில் பிளேக் நோய் பரவிற்று. நெருக்கமும் இருளும் காற்றோட்டமின்மையும் நோய்க்குத் துணை செய்தன என்று உணர்ந்த அரசாங்கம் 1898-இல் நகர மேம்பாட்டு டிரஸ்டை நிறுவியது. அந்த டிரஸ்டின் திட்டத்தில் உருவானவையே தாதர், மாதுங்காப் பகுதிகளின் அகன்ற வீதிகளும் தோட்டங்களும். 1920-களிலும் 30-களிலும் 40-களிலும் இங்கே வரிசை வரிசையாகக் கட்டடங்கள் எழுந்தன. ரயில்வேயிலும் வணிக அலுவலகங்களிலும் வேலை தேடி வந்த தமிழ்க் குடும்பங்கள் அவற்றில் குடியேறின. தென்னிந்தியக் கல்விக் கழகம் 1932-இல் தோன்றியதும் அந்தக் குடியேற்றத்தின் பயனே. ஆக, வெளிச்சமும் காற்றும் வேண்டும் என்ற நோக்கத்தோடு வகுக்கப்பெற்ற பகுதி இது. அப்படிப்பட்ட பகுதியில் இன்று பல வீடுகள் பகலிலேயே இருண்டு கிடக்கின்றன என்பது சிந்திக்கத் தக்கதன்றோ?

காரணங்கள் பல. அன்று நட்ட மரங்கள் இன்று மூன்றாம் மாடிக்கு மேல் வளர்ந்து நிழல் தருகின்றன. இடம் போதாமையால் வராந்தாவைக் கம்பியும் கண்ணாடியும் கொண்டு அடைத்து அறையாக்கிக் கொண்டோம். பக்கத்துக் கட்டடத்தை இடித்துவிட்டு அடுக்கு மாளிகை எழுப்பும்போது நம் ஜன்னலுக்கு வந்த வெயில் தடைப்படுகிறது. ஜூன் முதல் செப்டம்பர் வரை மழைமேகம் கவிந்திருப்பதால் நண்பகலிலும் விளக்குப் போட நேர்கிறது. இவை போதாவென்று, பர்மாத் தேக்குக் கதவுகளும் பெரிய மர அலமாரிகளும், சுவரின் கீழ்ப்பாதியில் அழுக்குத் தெரியாமலிருக்கப் பூசிய கரும்பச்சை எண்ணெய் வர்ணமும் கிடைக்கும் வெளிச்சத்தையும் விழுங்கிவிடுகின்றன.

இனி, கட்டிய காலத்து மின்சார ஏற்பாட்டைக் கவனிப்போம். பம்பாய் மின்விநியோக, டிராம்வே கம்பெனி 1905-இல் ஏற்பட்டது. கோபோலியிலிருந்து நீர்மின்சாரம் 1915 முதல் நகருக்கு வந்தது. மின்சாரம் விலையுயர்ந்த பொருளாக இருந்த அந்நாளில் அறைக்கு ஒரு விளக்கு என்பதே கணக்கு. கூரையின் நடுவில் ஒரு கொக்கி, அதில் தொங்கும் ஒரு பல்பு, அவ்வளவே. படிப்பதும் தைப்பதும் உண்பதும் உறங்குவதும் அந்த ஒரே விளக்கின் கீழ் நடந்தன. தலைமுறைகள் மாறியும், அந்த ஒற்றைக் கொக்கியை நாம் இன்னும் விட்டபாடில்லை. பல்பு போய்க் குழல் விளக்கு வந்தது. குழல் விளக்குப் போய் எல்.இ.டி. வந்தது, இடம் மட்டும் மாறவில்லை.

வெளிச்சக் குறைவால் யாருக்கு என்ன தீங்கு என்று கேட்கலாம். இருபது வயது இளைஞரின் விழித்திரைக்குப் போய்ச் சேரும் ஒளியில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கே அறுபது வயதானவரின் விழித்திரையைச் சேர்கிறது. வயது ஏற ஏறக் கண்மணி சுருங்குகிறது. கண்ணின் வில்லை மஞ்சளித்துத் தடிக்கிறது. ஆகவே பேரனுக்குப் போதிய வெளிச்சம் பாட்டனாருக்கு அந்தி மயக்கமே. நம் பழைய வீடுகளில் இன்று தனித்து வாழ்பவர் பெரும்பாலும் முதியோர். பிள்ளைகள் பெங்களூரிலோ அமெரிக்காவிலோ இருக்கிறார்கள். இருளில் ஒரு படி தவறினால் இடுப்பெலும்பு முறியும். அந்த முறிவுக்குப் பின் எழுந்து நடமாடாமலே போனவர்களை நாம் அறிவோம். அழகுக்காக மட்டும் விளக்கைப் பற்றி நான் பேசவில்லை என்பதை இதனால் உணர்வீர்கள்.

நிற்க. விளக்கு வாங்கும்போது எத்தனை வாட் என்று கேட்பது நம் வழக்கம். வாட் என்பது விளக்கு உண்ணும் மின்சாரத்தின் அளவு. தரும் ஒளியின் அளவன்று. ஒளியின் அளவைக் குறிப்பது லூமென். பழைய 60 வாட் குண்டு பல்பு ஏறத்தாழ 700 லூமென் ஒளி தந்தது. அது உண்ட மின்சாரத்தில் நூற்றுக்குத் தொண்ணூறு பங்குக்கு மேல் வெப்பமாகவே வீணாயிற்று. இன்றைய 9 வாட் எல்.இ.டி. பல்பு ஏறத்தாழ 900 லூமென் தருகிறது. நாளொன்றுக்கு ஐந்து மணி நேரம் எரிந்தால் குண்டு பல்புக்கு மாதம் 9 யூனிட் செலவாகும், எல்.இ.டி.க்கு ஒன்றரை யூனிட்டுக்கும் குறைவே. நீல நிற எல்.இ.டி.யைக் கண்டறிந்த ஜப்பானில் பிறந்த அறிஞர்களான அகாசாகி, அமானோ, நாகமுரா ஆகிய மூவருக்கும் 2014-இல் பௌதிக நோபல் பரிசு அளிக்கப்பட்டது. அந்த நீல ஒளி கிடைத்த பிறகே வீட்டுக்கு உகந்த வெள்ளொளி எல்.இ.டி. கைகூடிற்று. 2015 ஜனவரியில் நம் நாட்டில் தொடங்கிய உஜாலா திட்டத்தின் வழியே 36 கோடிக்கு மேற்பட்ட பல்புகள் மலிவாக வழங்கப்பட்டன. ஆகவே செலவை அஞ்சி இருளில் இருக்க வேண்டிய காலம் கடந்துவிட்டது.

அறைக்கு எவ்வளவு ஒளி வேண்டும் என்பதற்கு ஒரு கணக்குச் சொல்கிறேன். ஒரு சதுர மீட்டர் பரப்பில் ஒரு லூமென் ஒளி விழுந்தால் அதற்கு ஒரு லக்ஸ் என்று பெயர். பொதுவாக நடமாட 100 லக்ஸும், அடுக்களை மேடைக்கும் படிக்கும் மேசைக்கும் 300 லக்ஸும், நுண்ணிய தையலுக்கு அதனினும் மிகுதியாகவும் கொள்வது பொருந்தும். 12 அடிக்கு 10 அடி உள்ள அறை ஏறத்தாழ 11 சதுர மீட்டர். அதற்கு 100 லக்ஸ் வேண்டுமானால் 1,100 லூமென் கீழே வந்து சேர வேண்டும். சுவரும் கூரையும் தூசியும் பாதியை எடுத்துக்கொள்ளும் என்று வைத்துக்கொண்டால், விளக்கிலிருந்து 2,200 லூமென் புறப்பட வேண்டும். 20 வாட் எல்.இ.டி. குழல் விளக்கு ஒன்று இதற்கு ஒருவாறு ஈடுகொடுக்கும். சுவர் கரும்பச்சையாக இருந்தால் இரண்டும் போதா. வெள்ளைச் சுவர் தன்மேல் விழும் ஒளியில் முக்கால் பங்கைத் திருப்பித் தரும். கருமரம் பத்தில் ஒரு பங்கோ இரண்டு பங்கோதான் தரும். ஆகவே புதிய விளக்கு வாங்கு முன் சுவருக்கு வெள்ளையடிப்பதே முதல் வேலை. சுண்ணாம்பைவிட மலிவான விளக்கு உலகில் இல்லை என்பேன்.

அடுத்தது உயரம். நம் வீடுகளின் கூரை பத்தடிக்கும் மேற்பட்டது. சில வீடுகளில் பன்னிரண்டடியும் உண்டு. கோடைக்கு அது நல்லது; விளக்குக்கு நல்லதன்று. ஒளி செல்லுந் தொலைவு இரு மடங்கானால் கிடைக்கும் ஒளி நான்கில் ஒன்றாகும். மூன்று மடங்கானால் ஒன்பதில் ஒன்றாகும். பன்னிரண்டடிக் கூரையிலுள்ள பல்புக்கும் இரண்டரையடி மேசைக்கும் இடையே ஒன்பதரையடித் தொலைவு இருக்கிறது. அதே பல்பை மேசைக்கு மூன்றடி உயரத்தில் இறக்கினால், நேர் கீழே கிடைக்கும் வெளிச்சம் பத்து மடங்காகும். குன்றிலிட்ட விளக்கு ஊருக்குப் பயன்படலாம். படிக்கும் பிள்ளைக்குப் பயன்படாது. ஆகவே ஒற்றைக் கொக்கியை நம்பாமல், ஆளுயரத்துக்குச் சிறிது மேலே, ஏழடி உயரத்தில் சுவர் விளக்கு ஒன்றிரண்டு அமைப்பதே பழைய வீட்டுக்கு ஏற்ற முறை. மற்றொன்றும் சொல்ல வேண்டும். சுழலும் மின்விசிறிக்கு மேலே விளக்கு இருந்தால் சிறகுகளின் நிழல் சுவரெங்கும் துடிக்கும். கண்ணுக்கும் தலைக்கும் அது பெருந்தொல்லை. விளக்கு எப்போதும் விசிறிக்குக் கீழே, சுவரோடு ஒட்டியிருத்தல் வேண்டும்.

இனி ஒளியின் நிறம். பெட்டியின்மேல் 2700 கெல்வின் என்று அச்சிட்டிருந்தால் அது பழைய குண்டு பல்பைப் போன்ற மஞ்சள் ஒளி; 4000 என்றால் நடுத்தர வெள்ளை; 6500 என்றால் நீலம் கலந்த வெள்ளை. எண் ஏற ஏற ஒளி குளிர்ந்து தோன்றும். அதிக வெள்ளையே அதிக வெளிச்சம் என்று நம்மவர் எண்ணி எல்லா அறைக்கும் 6500 வாங்கிவிடுகிறார்கள். அஃது அலுவலகத்துக்கும் கடைக்கும் பொருந்தலாம். உறங்கப் போகுமுன் நீலம் மிகுந்த பேரொளியில் இருந்தால் உறக்கம் தள்ளிப்போகும். ஆகவே படுக்கையறைக்கும் கூடத்துக்கும் மஞ்சள் ஒளி, அடுக்களைக்கும் படிப்பு மேசைக்கும் நடுத்தர வெள்ளை என்று பகுத்துக்கொள்க. நிறங்களை உள்ளபடி காட்டும் திறனுக்கு சி.ஆர்.ஐ. என்ற ஓர் எண் உண்டு. அது 80-க்குக் குறையாதிருக்க வேண்டும். 90 இருந்தால் மிக நன்று. அரக்குச் சேலைக்கு மாம்பழ நிற ரவிக்கையைப் பொருத்திப் பார்க்கும் தாய்மார்களுக்கும், கீரையில் பழுத்த இலையைப் பொறுக்குவோருக்கும், குழந்தையின் நாக்கையும் கண்ணையும் பார்த்து நோயறிவோருக்கும் இந்த எண்ணின் அருமை விளங்கும்.

ஒவ்வொரு அறையாகச் சுருங்கக் கூறுகிறேன். கூடத்தில் எதிரெதிர்ச் சுவர்களில் இரு விளக்குகள் இருந்தால் முகத்தில் நிழல் விழாது; விருந்தினர் முகம் விருந்தினர் முகமாகத் தெரியும். அடுக்களையில் நடுக்கூரை விளக்கு ஒன்றே இருந்தால், மேடையின் முன் நிற்பவரின் நிழல் அவர் நறுக்கும் காய்கறியின் மேலேயே விழும். அரிவாள்மணைக்கும் கத்திக்கும் நிழல் பகையன்றோ! மேடைக்கு மேலுள்ள அலமாரியின் அடிப்புறத்தில் இரண்டடி நீள எல்.இ.டி. விளக்கொன்றைப் பொருத்துக, கொதிக்கும் எண்ணெயும் புகையும் நேரே தாக்காதபடி அடுப்பிலிருந்து விலக்கி அமைக்க. மாதம் ஒரு முறை துடைக்காவிட்டால் தாளித்த புகையே திரையாகிவிடும். படிக்கும் பிள்ளைக்கு மேசை விளக்கு இடப்புறம் இருக்கட்டும். இடக்கைப் பழக்கமுள்ள பிள்ளைக்கு வலப்புறம் இருக்கட்டும். அறை முழுவதும் இருண்டு மேசை மட்டும் ஒளிர்வது கண்ணுக்குக் களைப்புத் தரும். பொது விளக்கும் எரிய வேண்டும்.

பூசையறையில் மின்விளக்கு அடக்கமாக இருத்தல் நலம். குத்துவிளக்கின் சுடர் தனியழகு பெறுவது சுற்றிலும் மென்மை இருக்கும்போதுதான். இரண்டு மூன்று வாட்டுள்ள மஞ்சள் விளக்கை ஓரத்தில் மறைவாக வைத்தால் புத்தகம் பார்த்துத் தோத்திரம் படிக்கவும் போதும், சுடரும் மங்காது. அலமாரிக்குள் பூசையிடம் அமைத்தவர்கள் சுடருக்கு மேலே வயரும் வர்ண விளக்குச் சரமும் தொங்காமல் பார்த்துக்கொள்க.

குளியலறையிலும் அதற்குப் போகும் வழியிலும் இரவு முழுவதும் அரை வாட் அல்லது ஒரு வாட் மஞ்சள் விளக்கு எரியட்டும். முதியோர் விழுவது பெரும்பாலும் படுக்கைக்கும் குளியலறைக்கும் இடைப்பட்ட சில அடித் தொலைவில்தான். ஆளின் அசைவைக் கண்டு தானே எரியும் விளக்குகளும் இப்போது கிடைக்கின்றன. அவற்றைக் கணுக்கால் உயரத்தில் பொருத்தினால் கண் கூசாது, தரையும் தெரியும். பழைய வீட்டில் அறைக்கு அறை உயர்ந்து நிற்கும் வாசற்படி உண்டன்றோ. அதன் விளிம்பில் வெள்ளைக் கோடு ஒன்று தீட்டுவது இன்னும் நன்று.

இனி நான் கூறப்போவதே இச்சொற்பொழிவின் முதன்மையான பகுதி. விளக்கை மாற்றுவதற்கு முன் அதற்கு மின்சாரம் கொண்டுவரும் கம்பியைப் பாருங்கள். பழைய கட்டடங்களில் மரச்சட்டத்தின் மேலும் மரப்பெட்டிக் குழாய்க்குள்ளும் ரப்பர் உறையிட்ட கம்பிகள் ஓடின. ரப்பருக்கு ஆயுள் உண்டு. பல பத்தாண்டுகளில் அது உலர்ந்து, தொட்டால் பொடியாக உதிரும். மழைக்காலத்தில் சுவரில் ஊறும் ஈரம் அதனோடு சேர்ந்தால் கசிவும் தீயும் நேரலாம். பல வீடுகளின் விளக்குக் கம்பியில் எர்த் இணைப்பே இல்லை. ப்யூஸ் எரிந்தால் கையில் அகப்பட்ட தடித்த கம்பியைச் சுற்றிவிடும் வழக்கமும் உண்டு. ப்யூஸ் எரிவது நம்மைக் காப்பாற்றவே. அதற்குத் தடித்த கம்பி போடுவது, எச்சரிக்கும் நாயின் வாயைக் கட்டுவது போன்றது.

எல்.இ.டி.க்கு மாறுவதால் விளக்குக் கம்பியின் சுமை குறையும், இஃது உண்மை. ஆனால் மிச்சமான அதே கம்பியில் வெந்நீர்க் கருவியையும் குளிர்சாதனத்தையும் இணைப்பதே பெருங்கேடு. அவற்றுக்குத் தனிக் கம்பி, தனிப் பாதுகாப்பு வேண்டும். மற்றோர் அடையாளமும் கூறுகிறேன். சுவிட்சை நிறுத்திய பின்னும் எல்.இ.டி. பல்பு மங்கலாக மினுங்குவதைச் சிலர் கண்டிருக்கலாம். சுவிட்சிலுள்ள சிறு நியான் விளக்கினாலும், அருகருகே ஓடும் கம்பிகளின் தூண்டலாலும் அது நேரலாம். ஆனால் பழைய வீட்டில், சுவிட்சை பேஸ் கம்பியில் வைக்காமல் நியூட்ரல் கம்பியில் வைத்துவிட்டதாலும் அது நேரும். அப்படியானால் சுவிட்சை நிறுத்தினாலும் ஹோல்டரில் மின்சாரம் நிற்கும். பல்பு மாற்றக் கை வைப்பவர் உயிருக்கு ஆபத்து. குண்டு பல்பு இந்தக் குற்றத்தை மறைத்து வைத்திருந்தது, எல்.இ.டி. காட்டிக்கொடுக்கிறது. அம்மினுங்கலைக் கண்டால் அன்றே உரிமம் பெற்ற மின்பணியாளரை அழைத்துக் காட்டுக. அவர் மெக்கர் கருவியால் கம்பியின் உறையைச் சோதிக்கட்டும். 30 மில்லி ஆம்பியர் கசிவுக்கே மின்சாரத்தைத் துண்டிக்கும் பாதுகாப்புச் சுவிட்சைப் பொருத்தட்டும். பல்பு மாற்றும்போதும் மெயினை நிறுத்திவிட்டே மாற்றுக.

பாட்டனார் காலத்துப் பால்நிறக் கண்ணாடிக் குடுவைகள் சில வீடுகளில் இன்றும் உள்ளன. அவற்றை எறிந்துவிட வேண்டா. ஒளியைப் பரப்புவதில் அவை இன்றும் சிறந்தவை. எல்.இ.டி.க்கு வெப்பம் ஆகாது. முற்றும் மூடிய குடுவைக்குள் அதன் ஆயுள் குறையும். மேலே காற்றுப் போக வழியுள்ள குடுவையில் குறைந்த வாட் பல்பைப் பொருத்தினால் அழகும் பயனும் ஒருங்கே கிட்டும். கழற்றிய பழைய குழல் விளக்குகளில் பாதரசம் இருப்பதால் குப்பையில் உடைத்துப் போடாதீர்கள். உடைந்துவிட்டால் ஜன்னலைத் திறந்து வைத்து, வெறுங்கையால் தொடாமல் அள்ளி மூடுக.

இறுதியாகப் பொது மாடிப்படியைப் பற்றி ஒரு சொல். வீட்டுக்குள் விளக்கிடுவது அவரவர் கடமை. படிக்கட்டில் விளக்கிடுவது யார் கடமை? வீட்டுக்காரர் என்கிறோம் நாம். குடியிருப்போர் என்கிறார் வீட்டுக்காரர். வழக்கு முடியும்வரை மூத்தவர்கள் இருளில் கைப்பிடியைத் தடவிக்கொண்டு இறங்குகிறார்கள். ஒரு தளத்துக்கு 9 வாட் பல்பு ஒன்று இரவு பன்னிரண்டு மணி நேரம் எரிந்தாலும் மாதம் மூன்றேகால் யூனிட்டே ஆகும். அதை அத்தளத்துக் குடும்பங்கள் பகிர்ந்துகொண்டால் ஒரு வேளைக் காப்பிச் செலவுகூட ஆகாது. உரிமை வழக்கு ஒருபுறம் நடக்கட்டும். விளக்கு இன்றே எரியட்டும்.

நம் சங்கத்து இளைஞர்களுக்கு ஒரு வேண்டுகோள். எண்பது வயதில் நாற்காலியின்மேல் முக்காலியை வைத்துப் பல்பு மாற்ற ஏறுவோர் நம் கட்டடங்களில் இருக்கிறார்கள். கேட்கக் கூசுவதால் ஏறுகிறார்கள். தனித்து வாழும் முதியோரின் பெயர்களைச் சங்கத்தில் ஒரு குறிப்பேட்டில் எழுதி வையுங்கள். ஒவ்வொரு கட்டடத்துக்கும் இருவர் பொறுப்பேற்று, ஏணியோடு மூன்று மாதத்துக்கு ஒரு முறை சென்று பல்பையும் ஹோல்டரையும் துடைத்துப் பாருங்கள்; எரியாததை மாற்றுங்கள். கம்பியில் குறை கண்டால் நீங்களே கை வைக்காமல் பணியாளரை அழைத்துவிடுங்கள். வரும் கார்த்திகைத் திருநாளுக்கு முன் இப்பணியைத் தொடங்கினால், வாசலில் அகல் வரிசை வைக்கும் அன்று ஒவ்வொரு படிக்கட்டிலும் ஒளியிருக்கும்.